எல்லா போனிலும் தெரியும் எழுத்து

ஒக்டோபர் 17, வெள்ளி

கோயில் கமிட்டியின் இணையப் பக்கத்தில் இன்றும் அறிவித்தல். திறந்தால் கோழி கிளறிய மாதிரி இங்கிலீஷ் எழுத்தும் புள்ளியும். வெள்ளிக்கிழமை என்றால் பூசைதானே, வேறென்ன? எல்லாரையும் போல நானும் கீழே கும்பிடுகிற கைப்படம் போட்டேன்.

ஒக்டோபர் 25, சனி

கொட்டகலையில் கம்ப்யூட்டர் கடையில் தங்கி வேலை செய்யும் சுலக்ஷனா வந்தாள், என் நாத்தனார் மீனம்மாவின் மகள். வந்ததும் கமிட்டிச் செயலாளர் செல்லசாமி அண்ணனோடு வாக்குவாதம்.

"மாமா, நீங்க அடிக்கிற எழுத்து உங்க லெப்டொப்ல மட்டுந்தான் தமிழா தெரியும். உலகத்துக்கே பொதுவா ஒரு முறை இருக்கு. அதுல போட்டா அத்தையோட ஒடஞ்ச போன்லயும் தெரியும்."

"எனக்கு முத்து முத்தா தெரியுதே! ஒங்க அத்தைய போனை மாத்தச் சொல்லு."

"இனி மண்சரிவு அறிவித்தலும் இதுலதான போடப்போறீங்க? அம்மா மேட்டு லயத்துல இருக்காங்க மாமா."

"திருவிழா முடியட்டும் புள்ள, மாத்திக்கலாம்."

என் போனைச் சொன்னதில்தான் எனக்குக் கோபம்.

நவம்பர் 2

மழை விடவில்லை. மேட்டு லயத்து வரிசை வீடுகளில் மீனம்மா வீட்டுக்குப் பின்னால் மண் வெடித்திருக்கிறது. என் கையே உள்ளே போனது. மேலே தேயிலைச் செடிகள் ஒரு பக்கமாகச் சாய்ந்து நிற்கின்றன. "கிராம சேவகர் பாத்துட்டுப் போனாரு அண்ணி. போகணும்னா சொல்லுவாங்க" என்கிறாள். ஆத்தா, நீதான் காவல்.

நவம்பர் 7, வெள்ளி

அறிவித்தல் வந்தது. கும்பிட்டேன். மீனம்மாவும் கும்பிட்டிருக்கிறாள்.

நவம்பர் 9

மேட்டு லயம் இல்லை. நேற்று விடியலில் சரிந்துவிட்டது.

வெள்ளிக்கிழமை வந்தது பூசை இல்லையாம் — மேட்டு லயத்து ஆளுங்க உடனே பள்ளிக்கூடத்துக்குப் போகணும்னு செல்லசாமி அண்ணன் எழுதியிருந்தாராம். நுவரெலியாவுல மக வீட்டுல இருந்து போட்டிருக்காரு. "எல்லாரும் கும்பிட்டீங்களேம்மா! படிச்சிட்டீங்க, கெளம்பிட்டீங்கன்னு நெனச்சேனே!"ன்னு இப்ப தலையில அடிச்சிக்கிறாரு.

மீனம்மாவைத் தோண்டித்தான் எடுத்தாங்க. மாரியாத்தா, நாங்க எதைக் கும்பிட்டோம்?

நவம்பர் 19

செல்லசாமி அண்ணன் வந்தார். உட்காரவில்லை. பக்கத்தின் கடவுச்சொல்லைச் சுலக்ஷனாவிடம் சொல்லிவிட்டுப் போய்விட்டார். அவள் அழாமல் ஒரு அறிவித்தலைத் தட்டினாள். பிறகு என் போனைத் திறந்து நீட்டினாள்.

"தெரியுதா அத்தை?"

"தெரியுதும்மா. மீனம்மாவுக்குக் கருமாதி. ஞாயித்துக்கெழம."