எட்டில் ஒரு பங்கு

செவ்வாய், இரவு.

கரமனை டியூஷனில் இன்று வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்டேன். y = 2ˣ வளைவை மூன்று கட்டம் வலப்பக்கம் நகர்த்தி y = 2ˣ⁻³ வரையச் சொன்னேன். பிளஸ் ஒன் படிக்கும் லாவண்யா நகர்த்தவே இல்லை. ஒவ்வொரு உயரத்தையும் எட்டில் ஒரு பங்காகக் குறைத்து வரைந்திருந்தாள். எனக்கு எரிச்சல். எல்லார் முன்னாலும் சிவப்புப் பேனாவால் குறுக்கே அடித்தேன்.

"டீச்சர், ரெண்டும் ஒரே கோடல்லே?" என்றாள்.

"நகர்த்தச் சொன்னா நகர்த்தணும். அதிகப்பிரசங்கித்தனம் வேண்டாம், கேட்டோ!"

அவள் நோட்டை மூடி, திருத்த வேண்டிய அடுக்கின் மேல் வைத்தாள்.

சாப்பிட்ட பிறகும் மனசு ஆறவில்லை. அவள் சொன்னது தப்பு என்று காட்டத்தான் இரண்டு விதமாகவும் வரைந்தேன். தாள்களை ஒன்றன்மேல் ஒன்று வைத்து விளக்குக்கு நேரே பிடித்தேன். ஒரே கோடுதான். 2ˣ⁻³ என்றால் 2ˣ-ஐ எட்டால் வகுப்பதுதானே! பதினெட்டு வருஷமாக இந்த வளைவை நகர்த்திக்கொண்டே இருக்கிறேன். ஒரு நாளும் தோன்றவில்லை.

திருத்த வாங்கி வந்த அவள் நோட்டில், சிவப்புக் கோட்டின் பக்கத்தில் 'சரி' என்று எழுதிவிட்டேன். நாளை அதைப் பார்க்கப்போவது அவள் மட்டும்தான். நான் அடித்ததை ஒன்பது பேர் பார்த்தார்கள்.