இடது முனையில் கிடந்த ஆறு

போர்ட் ஆஃப் ஸ்பெயின்,
வியாழக்கிழமை.

அன்புள்ள அம்மா,

முழங்கால் வலி தேவலையா? கிரெனடாவில் மழை விட்டதா? நான் நன்றாக இருக்கிறேன். சனிக்கிழமை என் லைட் ஹெவிவெயிட் குத்துச்சண்டைப் பட்டத்துக்கு ஒருத்தன் சவால் விட்டு வருகிறான். எடை சரியாக இருக்கிறது, கவலைப்படாதே.

நேற்று ஒரு கூத்து. டொமினோ ஆட்டத்தில் நானும் கோச் ஆல்ட்வினும் ஜோடி. வரிசையின் இரு முனைகளிலும் உள்ள எண்ணுக்குப் பொருந்தும் கட்டை கையில் இல்லையென்று மேசையைத் தட்டி என் முறையை விட்டுவிட்டேன். ஆட்டம் முடிந்ததும் எதிர் ஜோடியில் இருந்த ரூபர்ட் என் கட்டைகளைப் புரட்டிப் பார்த்துக் கத்தினான்.

"அடப்பாவி! கையில ஆறு வெச்சுக்கிட்டா தட்டின? இடது முனையில ஆறு கெடந்துச்சே! சாம்பியனுக்கு எண்ணத் தெரியாதா?"

எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள், நானும்தான். கோச் மட்டும் சிரிக்கவில்லை. எழுந்து என் இடப்பக்கம் வந்து நின்றார்.

"எவரார்ட், எத்தனை விரல் காட்டுறேன்?"

"விளையாடாதீங்க கோச். மூணு."

"நான் கையவே தூக்கலடா."

"சனிக்கிழமை முடியிற வரைக்கும் யார்கிட்டயும் சொல்லிடாதீங்க" என்றேன். உடனே என் கையுறைகளை எடுத்துக்கொண்டு போனவர் இன்னும் திருப்பித் தரவில்லை. அவருக்கு எதற்கெடுத்தாலும் பயம். அடி வருவது எனக்குக் காற்றிலேயே தெரியும்.

ஜாதிக்காய்த் தைலம் ஒரு புட்டி அனுப்பு. அடுத்த கடிதத்தில் எழுத்தைக் கொஞ்சம் பெரிதாகப் போடு அம்மா, இந்த அறையில் வெளிச்சம் போதவில்லை.

கோச் படியேறி வரும் சத்தம் கேட்கிறது. கையுறையோடு வருகிறாரா, வெறுங்கையோடா என்று திரும்பிப் பார்க்கவே பயமாக இருக்கிறது.

உன் மகன்,
எவரார்ட்