முட்டைக்கடைக்கு ஒரு கும்பிடு

அன்புள்ள அப்பாவுக்கு, கோசுயே வணக்கத்துடன் எழுதுகிறேன். அகிதாவில் இன்னும் பனி கொட்டுகிறதா? முதுகுவலியோடு கூரையேறிப் பனியைத் தள்ளாதீர்கள்.

இன்று ஜெயித்துவிட்டேன் அப்பா! கியோட்டோ கடைத்தெருவில் நடந்துகொண்டே தின்னக்கூடாது. நான் சுற்றிக்காட்டும் வெளிநாட்டுப் பயணிகள் அதைக் கேட்பதே இல்லை. போன வாரம் ஒருவர் ஒரு அம்மாளின் பட்டுக் கிமோனோவில் சாஸைக் கொட்டிவிட்டார். இன்னொரு புகார் வந்தால் வேலை போய்விடும் என்றார் முதலாளி. அப்போது உங்களுக்கு எழுதவில்லை, இப்போது எழுதலாம்.

இன்று கோவிலில் என் குழுவின் பதினான்கு பேரும் கைகழுவி, இரண்டு முறை கைதட்டி, குனிந்து கும்பிட்ட அழகைப் பார்த்ததும் யோசனை வந்தது. கடைத்தெருவுக்குள் நுழைந்ததும், "இந்தத் தெருவுல ஒவ்வொரு கடையும் கோவில்தாங்க. நின்ன இடத்துலயே சாப்பிட்டு முடிச்சிட்டு நகருங்க" என்றேன்.

குச்சியில் செருகிய ஆம்லெட் விற்கும் மொரிவாகி ஐயா என்னைக் கண்டாலே எரிந்து விழுவார். அவர் கடை முன்னால் அத்தனை பேரும் அசையாமல் நின்று தின்றார்கள். குச்சிகளைத் திருப்பிக் கொடுத்தார்கள். பிறகு, நான் சொல்லாமலேயே, வரிசையாக நின்று அவரைப் பார்த்து இரண்டு முறை கைதட்டிக் கும்பிட்டார்கள்!

"அட, என்னை எதுக்குய்யா சாமியாக்குறீங்க? நான் இன்னும் உயிரோடதான் இருக்கேன்!" என்று அலறினார். சிரித்து ஓய்ந்ததும், "ஏம்மா அகிதாக்காரி, இதை யாரு சொல்லிக் குடுத்தா?" என்றார்.

"எங்க அப்பா. தட்டோட எந்திரிச்சா பிடுங்கி வச்சிடுவாரு."

"அவருக்கும் ஒரு கும்பிடு!"

புகைபோட்ட முள்ளங்கி ஊறுகாய் இரண்டு அனுப்புங்கள், ஒன்று மொரிவாகி ஐயாவுக்கு. அடுத்த கூட்டம் வந்துவிட்டது, ஓடுகிறேன். ஊறுகாயை நம்மூர்ச் செய்தித்தாளில் சுற்றுங்கள். எத்தனை பழசானாலும் ஒரு வரி விடாமல் படிப்பேன்.

உங்கள் கோசுயே