களிமண் ஒரெஸ்தே

த்ரியெஸ்தே
3 ஜூலை 2018

அன்புள்ள ஒரெஸ்தே,

போனில் பேசினால் நாம் வாக்குவாதத்தில் இறங்கிவிடுகிறோம், அதனால் எழுதுகிறேன். அக்கா ஃபுல்வியா மாடிப்படியில் சறுக்கிக் காலை உடைத்துக்கொண்டாள். அடித்துப் பிடித்து வந்து சேர்ந்தேன். இரண்டு வாரமாவது இங்கே இருக்க வேண்டும்.

பனிக்காலத்தில் நம் வீட்டை விட்டு என் சிற்பப் பட்டறைக்கே குடிபோன பிறகு உன்னிடம் எதுவும் கேட்டதில்லை. இப்போது கேட்கிறேன். பட்டறையில் ஒரு களிமண் உருவம் இருக்கிறது. நம் ஊர் ரயில் ஸ்டேஷன் முன்னால் வைக்கப்போகும் வெண்கலச் சிலைக்கு அதுதான் மூலம். வார்ப்பட்டறை ஈவோ இருபதாம் தேதி அச்சு எடுக்க வருவான். அதுவரை மண் காயக் கூடாது. தினமும் தண்ணீர் தெளித்து, ஈரத்துணி சுற்றி, மேலே பிளாஸ்டிக் போர்த்திவிடு. காய்ந்தால் வெடித்துவிடும். ஆறு மாத உழைப்பு மண்ணாகிவிடும். வேறு யாரிடமும் சாவியைக் கொடுக்க மனம் வரவில்லை.

துணியை எடுத்ததும் கத்தாதே.

நீவெஸ்


பியெத்ராசாந்தா
7 ஜூலை

நீவெஸ்,

கத்தினேன். தெருவே திரும்பிப் பார்த்தது.

அது நான்! உள்ளாடையோடு, சாய்மானம் வைத்த பெஞ்சில், கைகளை விலாவோடு ஒட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். தொப்பையில் இருக்கும் மடிப்பைக்கூட நீ விட்டுவைக்கவில்லை. மருந்துக்கடை ஜாய்ரா ஜன்னல் வழியாகப் பார்த்துவிட்டாள். "ஏன் ஒரெஸ்தே, ஸ்டேஷன்ல உன்னைப் பார்த்துட்டு எந்த ரயிலாவது நிக்குமா?" என்று கேட்டாள். இப்போது ரொட்டி வாங்க வருகிறவர்கள் யாரும் என் முகத்தைப் பார்ப்பதில்லை. ஏப்ரன் மூடிய வயிற்றைத்தான் பார்க்கிறார்கள்.

இந்த ஊரில் பளிங்கில் எத்தனை ஆண்களைச் செதுக்கியிருக்கிறார்கள்! எல்லோர் வயிறும் பலகை மாதிரி. என் தொப்பையைக் கொஞ்சம் குறைத்தால் குடியா முழுகிவிடும்?

தண்ணீர் தெளித்துவிட்டேன். நான் ரொட்டி சுடுகிறவன். மாவை ஈரமாக வைத்திருப்பது எனக்குத் தெரியாதா?

ஒரெஸ்தே


த்ரியெஸ்தே
10 ஜூலை

ஒரெஸ்தே,

அது மாவு இல்லை, மண். தொப்பையில் கை வைத்தால் ஒடித்துவிடுவேன்.

நீ சொல்லும் அந்தப் பளிங்கு ஆண்களில் ஒருவராவது மதியம் சாப்பிட்டவர் மாதிரி இருக்கிறாரா? அவர்கள் பாட்டுக்கு அழகாக நிற்கட்டும். சாப்பிட்டவரையும், கால் கடுத்தவரையும், செருப்பைக் கழற்றிவிட்டு அக்கடாவென்று உட்கார்ந்தவரையும் நான் செய்கிறேன். ரயிலுக்குக் காத்திருக்கும் பெண் திரும்பிப் பார்த்தால், பக்கத்தில் தன் வீட்டு ஆள் மாதிரி ஒருவன் இருக்க வேண்டும். அவ்வளவுதான் என் கலை.

நீ மாதிரிக்கு உட்காரவில்லை, போட்டோவும் இல்லை. முப்பது வருஷம் பார்த்த உடம்பு, விரல் தானாகப் போகிறது. ஆனாலும் அதில் என்னவோ சரியில்லை. ஆள் இருக்கிறான், உயிர் இல்லை. எங்கே தப்பு என்று பிடிபடவில்லை.

இதைச் சொன்னால் ஃபுல்வியா, "ஆளை விட்டுட்டு வந்து, அவன் உடம்பை மட்டும் ஆறு மாசமா தடவிக்கிட்டு இருக்கியா? வெக்கமா இல்ல உனக்கு?" என்கிறாள். கால் உடைந்தும் வாய் உடையவில்லை.

நீவெஸ்


பியெத்ராசாந்தா
14 ஜூலை

நீவெஸ்,

உட்கார்ந்துகொண்டு படி.

வெயில் தாங்கவில்லை. இடது அக்குளில் வெடிப்பு விட்டிருந்தது. உன் மண் பீப்பாயின் மூடி அசையவே இல்லை. எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. கடையில் ஈஸ்ட் போட்டுப் பிசைந்த ரொட்டி மாவு இருந்தது. ஓடிப்போய் ஒரு உருண்டை எடுத்துவந்து அடைத்தேன். ஈரத்துணி சுற்றி, பிளாஸ்டிக்கும் போர்த்தினேன்.

ரொட்டிக் கடைக்காரன் செய்கிற வேலையா இது? அந்தப் புழுக்கத்தில் மாவு சும்மா இருக்குமா? அதுவும் நம் ஊர் மாவு, உப்பே சேர்க்காதது. உப்பாவது போட்டிருந்தால் கொஞ்சம் அடங்கிக் கிடந்திருக்கும். மறுநாள் பார்த்தால் அக்குளில் பூசணிக்காய் மாதிரி பொங்கி நிற்கிறது. பிடுங்கினேன். கையும் கூடவே வந்தது. உள்ளே இருந்த கம்பி வளைந்து, கை பெஞ்சின் சாய்மானத்தின் மேல் போய் விழுந்தது. நிமிர்த்தப் பயந்து அப்படியே விட்டேன். மாவைச் சுரண்டி எறிந்துவிட்டு, பீப்பாய் மூடியைச் சுத்தியலால் உடைத்து, உன் மண்ணையே வைத்துத் தோளை ஒட்டினேன். இந்தக் கடிதத்தோடு போட்டோ வைத்திருக்கிறேன்.

உன் ஆறு மாதத்தைக் கெடுத்துவிட்டேன். திட்டு. ஆனால் வந்து திட்டு. நீ படுக்கப் போகிற நேரத்தில் நான் வேலைக்கு எழுந்து போவேன். ஒரே வீட்டில் இருந்தும் நாம் முகம் பார்த்துக்கொள்ளவில்லை, அதனால்தான் போனாய். இப்போதெல்லாம் ராத்திரி சுடுகிற முதல் ஈடு ரொட்டியை என் தம்பி பார்த்துக்கொள்கிறான். நான் விடிந்த பிறகுதான் போகிறேன். நீ இல்லாமல் எனக்கு அந்த வீட்டில் இருக்கப் பிடிக்கவில்லை. இதை போனில் சொல்ல வாய் வராது.

உன் ஒரெஸ்தே


த்ரியெஸ்தே
18 ஜூலை

என் ஒரெஸ்தே,

போட்டோவைப் பார்த்து முதலில் அழுதேன். பிறகு சிரித்த சிரிப்பில் ஃபுல்வியா மாவுக்கட்டுக் காலோடு எழுந்து வந்துவிட்டாள். வாங்கிப் பார்த்துவிட்டு, "இப்பதான்டி மனுஷன் மாதிரி இருக்கார். இங்க யாருடி உட்காரப் போறா?" என்றாள்.

எனக்குப் பிடிபடாதது அந்தக் கைதான். நான் உன்னை இறுக்கி மூடி வைத்திருந்தேன். நீ திறந்துவிட்டாய். இப்போது அவன் பக்கத்தில் ஓர் ஆளுக்கு இடம் இருக்கிறது. கையை யாரும் தொடாதீர்கள். தோளில் உன் கட்டைவிரல் பதிந்திருக்கிறது, அதுவும் அப்படியே வெண்கலமாகட்டும்.

ஈவோவுக்கு போன் செய்து, சிலை ஒன்றில்லை, இரண்டு, பக்கத்தில் ஒரு பெண்ணும் உட்காருவாள் என்றேன். "ஏம்மா, அச்சு எடுக்க ரெண்டு நாள் இருக்கிறப்பவா இதைச் சொல்லுவ?" என்று கத்தினான். கத்தட்டும். முதலில் உன்னை அச்சு எடுப்பான், பெண்ணை இலையுதிர் காலத்தில்.

அந்தப் பெண்ணுக்கும் தொப்பை உண்டு, முழங்கால் வீங்கியிருக்கும். அவளை நினைவிலிருந்து செய்ய முடியாது, தினமும் பார்த்துச் செய்ய வேண்டும். பட்டறையில் இருப்பது முகம் பார்க்கிற கண்ணாடி மட்டும்தான். ஆளுயரக் கண்ணாடி நம் படுக்கையறையில்தான் இருக்கிறது.

"எனக்குப் பக்கத்து வீட்டுக்காரி இருக்கா, நீ கிளம்பு" என்று ஃபுல்வியா பெட்டியைக் கட்டிவிட்டாள். சனிக்கிழமை மதிய ரயிலில் வருகிறேன். கண்ணாடியைத் துடைத்து வை.

நீவெஸ்