காலால் அழைத்தது

ரியோ, 3 செப்டம்பர் 1941

பிரியமுள்ள தியோனீசியா அக்காவுக்கு,

உன் முழங்கால் எப்படி? இங்கே வந்திருந்தபோதே நொண்டினாய்.

புதிய பெருஞ்சாலைக்காக எங்கள் தெருவை இடிக்கிறார்கள். என் வீடும் போகிறது. அக்டோபர் கடைசி ஞாயிறு, இங்கே கடைசி சம்பா ஆட்ட வட்டம். நீ வர வேண்டும்.

எட்டு வருஷமாக உன்னிடமிருந்து ஒரு வரி இல்லை. அக்கா, அன்று வட்டத்தில் நான் உன்னை உதைக்கவில்லை. நம் ஊரில் ஆடி முடித்தவள் அடுத்தவளை வயிற்றோடு வயிறு இடித்து வட்டத்துக்குள் அழைப்பாள். இங்கே கால் நுனியால் தொடுவோம். சம்பா ஆடினால் பிடிக்கும் போலீசுக்குப் பயந்து முன்னறையில் துரைமார் ஆடும் வால்ட்ஸும் பின்னறையில் நெருக்கியடித்துச் சம்பாவும் ஆடிய காலத்துப் பழக்கம். உன்னைத்தான் முதலில் அழைத்தேன். பெருமையாக.

உன் எர்மீனியா

*

சாண்டோ அமாரோ, பாஹியா, 19 செப்டம்பர்

எர்மீனியாவுக்கு,

முழங்கால் இருக்கிறது.

அம்மா அடிமையாகப் பிறந்தவள். கரும்புத் தோட்டத்தில் கங்காணி அவளைக் காலால்தான் எழுப்புவான். வட்டத்திலாவது வயிற்றால் கூப்பிடுங்கள் என்பாள். நீ மறந்துவிட்டாய். உன் கால் என்மேல் பட்டதும் யாரோ சிரித்தார்கள். மறுநாளே கப்பலேறினேன்.

வரமாட்டேன். அம்மாவின் தட்டையும் கத்தியையும் அனுப்புகிறேன். போலீஸ் மேளத்தைப் பறித்த நாட்களில் கத்தியால் தட்டைச் சுரண்டித்தானே தாளம் போட்டோம்.

தியோனீசியா

*

ரியோ, 2 அக்டோபர்

அக்கா,

தட்டை மட்டும் அனுப்பாதே. உன் கை இல்லாமல் அது வெறும் சோற்றுத் தட்டு.

கங்காணியை மறந்துதான் போனேன். உன் கடிதத்தை மடிக்கவே முடியவில்லை. என் வீட்டுக்காரர் வால்டோமீரோ எட்டிப் பார்த்துவிட்டு, "உங்கக்கா வந்தா என் காலைக் கட்டிப் போட்டுரு தாயே, எனக்கெதுக்கு வம்பு" என்றார்.

வா. இந்த முறை வயிற்றால் அழைப்பேன். பின்னறை கொள்ளாவிட்டால் தெருவில் ஆடுவோம். இடிக்கப்போகிற தெருதானே.

எர்மீனியா

*

சாண்டோ அமாரோ, 8 டிசம்பர்

என் எர்மீனியாவுக்கு,

வீடு இடிந்ததை எழுதியிருந்தாய். அக்டோபரில் நான் வந்தபோது நடுத்தெருவில் நீ வயிற்றால் இடித்த இடியில் தட்டு என் கையிலிருந்து நழுவப் பார்த்தது. அந்தத் தெருவை மனசில் அப்படியே வைத்திருக்கிறேன்.

நேற்று இங்கே வட்டம். ஆடி முடித்ததும் எதிர்வீட்டுச் செலெஸ்டினாவை அழைத்தேன். காலால். எப்படி வந்ததென்று தெரியவில்லை.

"என்னடி, ரியோவுக்குப் போயிட்டு வந்தவ எட்டி உதைக்கறே?" என்று எழுந்து போய்விட்டாள். தட்டினாலும் கதவு திறக்கவில்லை.

அவளுக்கு ஒரு கடிதம் எழுத உட்கார்ந்திருக்கிறேன். முதல் வரி உன்னுடையது: "உன் முழங்கால் எப்படி?"

அவள் முழங்காலுக்கு ஒரு குறையும் இல்லை.

அக்கா