அப்பாவைக் கழித்தது போக

மார்ச் 4

மகனோடு வீடு வந்து சேர்ந்தாயிற்று. எட்டாம் மாதம் பிறந்ததும் பிறக்காததுமாக அவசரப்பட்டு வெளியே குதித்த பெரிய மனிதர், இப்போது எந்த அவசரமும் இல்லாமல் தூங்குகிறார். எடை ஒரு கிலோ எண்ணூறு. கிளம்பும்போது நர்ஸ் லிஃப்ட் வரை வந்தார். "தூங்குறானேன்னு விட்டுடாதீங்கம்மா. பசிச்சாலும் அழ இவனுக்குத் தெம்பு இருக்காது. மூணு மணி நேரத்துக்கு ஒரு தடவை எழுப்பிப் பால் கொடுங்க. எடை ஏறலைன்னா மறுபடி அட்மிட் பண்ண வேண்டி வரும்."

மறுபடியுமா? அந்தக் கண்ணாடிப் பெட்டிக்கா? வேண்டவே வேண்டாம்.

மார்ச் 5

என் வீட்டுக்காரர் கட்டிலுக்கு அடியில் கிடந்த எடை மெஷினைத் தூசி தட்டி எடுத்தார். குழந்தையை அதில் கிடத்தினால் உருண்டுவிடும். அதனால் முதலில் தான் மட்டும் ஏறினார்: எழுபத்திரண்டு. பிறகு பிள்ளையோடு ஏறினார்: எழுபத்து மூன்று புள்ளி எட்டு. "கழிச்சா ஒண்ணு புள்ளி எட்டு! பார்த்தியா, ஆஸ்பத்திரிக் கணக்கோட அப்படியே ஒத்துப்போகுது." ராக்கெட் விட்டவர் மாதிரி முகம். ஆள் கணக்கு வாத்தியார் வேறு, கேட்கவா வேண்டும்.

மார்ச் 7

மாமியார் வந்து இறங்கினார். கூடவே நெய், பாதாம், முட்டை, எலும்பு சூப். எல்லாம் எனக்காம், பால் ஊறுவதற்கு. எனக்கோ நெய் வாசனை பட்டாலே குமட்டுகிறது. தட்டு தானாக வாத்தியார் பக்கம் நகர்கிறது. "வீணாப் போகக் கூடாதுல்ல?" தியாகி!

மார்ச் 9

இரண்டு கிலோ! குடும்ப குரூப்பில் போட்டாயிற்று. "எங்க வம்சமே இப்படித்தான், எலும்பு கனம்" என்கிறார் மாமியார்.

மார்ச் 11

இரண்டு இருநூறு. பாதத்தைச் சுண்டி எழுப்பப் போனேன். மாமியார் என் கையைத் தட்டிவிட்டார். "தூங்குற பிள்ளையை ஏன்மா படுத்துறே? எடைதான் மடமடன்னு ஏறுதே." வாத்தியாரும் தலையாட்டினார். எனக்கும் கண் சொருகியது, படுத்துவிட்டேன். வருகிறவர்களிடமெல்லாம் ஒரே பெருமை: அழவே அழாத சமர்த்துப் பிள்ளையாம்.

மார்ச் 13

இரண்டு நானூறு. ஆனால் தொடையில் சதையைக் காணோமே? கேட்டேன். "மெஷின் பொய் சொல்லுமா?" என்றார் வாத்தியார். பெற்றவள் கண் மட்டும் பொய் சொல்லுமாம்.

மார்ச் 14

ஆஸ்பத்திரி. துணியெல்லாம் கழற்றிவிட்டுக் குழந்தைத் தராசில் கிடத்தினார்கள். ஒரு கிலோ எழுநூற்று முப்பது.

"உங்க மெஷின்ல ஏதோ கோளாறு, டாக்டர். வீட்டுல ரெண்டு நானூறு" என்றார் வாத்தியார். எப்படிப் பார்த்தீர்கள் என்று டாக்டரம்மா கேட்டார். விளக்கினார், கரும்பலகை இல்லாதது ஒன்றுதான் குறை.

"சரி, உங்க எடையை எப்போ பார்த்தீங்க?"

"முதல் நாளே பார்த்துட்டேனே. எழுபத்திரண்டு."

"அதுக்கப்புறம்?"

அதற்கப்புறம் எதற்கு என்பது போல முழித்தார். மூலையில் இருந்த, பெரியவர்களுக்கான மெஷினில் ஏறச் சொன்னார்கள். எழுபத்திரண்டு புள்ளி ஏழு.

நர்ஸ் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார், தோள் குலுங்கியது. எனக்கும் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. தினம் தினம் ஏறியது அப்பா! நாங்கள் கழித்துக்கொண்டிருந்தது பழைய அப்பாவை! சிரிக்கும்போதே அழுகை — ஐயோ, பசியோடல்லவா கிடந்திருக்கான் என் பிள்ளை. அழத் தெம்பில்லாம கிடந்தவனைச் சமர்த்துன்னு கொஞ்சிட்டு இருந்தோமே. படிச்சுப் படிச்சுச் சொல்லி அனுப்பினாங்களே, எனக்கு எங்கே போச்சு புத்தி?

அட்மிட் செய்துவிட்டார்கள். மூக்கில் குழாய்.

மார்ச் 15

ஆஸ்பத்திரித் தராசுதான் தப்பு என்கிறார் மாமியார். வம்சத்தை விட்டுக்கொடுக்க மனம் வரவில்லை.

மார்ச் 17

என் பாலையே எடுத்து, அளந்து சத்துப்பொடி கலந்து, குழாய் வழியாக விடுகிறார்கள். மற்ற நேரமெல்லாம் பிள்ளையை வெற்று நெஞ்சோடு அணைத்தபடி உட்கார வேண்டும், உடம்புச் சூடுதான் மருந்து. அப்பாவுக்கும் முறை உண்டு. மனிதர் மூச்சு விடவே பயந்துகொண்டு உட்கார்ந்திருந்தார். "இருபது கிராம் ஏறியிருக்கான்" என்றார் நர்ஸ். யாரும் குரூப்பில் போடவில்லை. வாத்தியார் புறங்கையால் கண்ணைத் துடைத்தார். திட்ட வைத்திருந்ததெல்லாம் என் தொண்டையிலேயே நின்றுவிட்டது. நாளைக்குத் திட்டிக்கொள்ளலாம்.

மார்ச் 18

திட்டிவிட்டேன்.

மார்ச் 29

வீட்டுக்கு வந்து நாலு நாளாகிறது. காலையில் மேல்வீட்டுக்காரர் கதவைத் தட்டினார். கண்ணெல்லாம் சிவந்து கிடந்தது. "தப்பா நினைக்காதீங்கம்மா. உங்க பையன் பாலுக்கு அழுற அழுகை இருக்கே... எங்க வீட்டுல ஒருத்தரும் தூங்கலை."

"மாடி வரைக்குமா கேட்குது?"

"தெருமுனை வரைக்கும் கேட்குது!" என்றார் கடுப்பாக.

இன்னொரு தடவை சொல்லச் சொன்னேன்.