ரெமோன் சார் கொண்டுவந்த கதை

9 மார்ச் 1979, வெள்ளி.

பிரிட்ஜ் சீட்டாட்டத்தில் என் ஜோடியான ரெமோன் சார், என் பத்திரிகைக்கென்று இன்று ஒரு கதை கொண்டுவந்தார். படித்துப் பார்த்தால், வரிச்சிக்குடி டீச்சர் கமலா அனுப்பிய கதை அது. படித்துக் கருத்துச் சொல்லும்படி நான்தான் ரெமோன் சாரிடம் கொடுத்திருந்தேன். ஊர்ப்பெயரை மட்டும் மாற்றி, தன் பெயரைப் போட்டிருக்கிறார்.

"இது கமலாவோட கதைங்க," என்றேன்.

"அந்தப் பொண்ணை யாருக்குத் தெரியும்? ஞாயித்துக்கிழமை நமக்கு ஃபைனல். யோசிச்சுப் பேசுங்க."

எதிராளியின் சீட்டு தப்பித்தவறித் தெரிந்தால்கூட முகத்தைத் திருப்பிக்கொள்கிற மனுஷர்! கதை என்றால் மட்டும் அவ்வளவு இளப்பமா?

ஃபைனலுக்கு வரமாட்டேன் என்று கிளப்பில் சொல்லிவிட்டேன். கதை கமலா பெயரிலேயே அச்சுக்குப் போய்விட்டது. கமலாவுக்குக் கடிதம் எழுத உட்கார்ந்தேன். கேட்காமல் அதை இன்னொருவர் கையில் கொடுத்தவன் நான் என்று எப்படி எழுதுவது?